பாக்கா ஏறிய படிகள்

(முல்க் ராஜ் ஆனந்த் பற்றிப் புதுக்கோட்டையில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



நாவலும் எழுதினார், ஓவிய சிற்பங்களைப் பற்றியும் எழுதினார், அரசியலிலும் பக்கம் சார்ந்து நின்றார் என்று ஒருவரைச் சொல்லச் சொன்னால், இங்கே வாசிப்புப் பழக்கம் உள்ளவர்கள் பெரும்பாலும் ஜான் பெர்ஜர் பெயரைச் சொல்வார்கள். சொல்ல வேண்டிய பெயர்தான். 1972இல் ‘ஜி’ என்ற நாவலுக்கு புக்கர் பரிசு கிடைத்தபோது, அந்தப் பரிசைக் கொடுக்கும் கம்பெனி கரீபியத் தீவுகளின் கரும்புத் தோட்டங்களில் சம்பாதித்த கம்பெனி என்பதை மேடையிலேயே சொன்னார். பணத்தில் பாதியை லண்டனில் இருந்த பிளாக் பாந்தர் இயக்கத்துக்குக் கொடுத்தார். ஆனால் அந்த பெர்ஜர் எட்டு வயதுப் பையனாக இருந்த காலத்திலேயே, அதே லண்டனில், நம் நாட்டுக்காரர் ஒருவர் இந்த மூன்று வேலைகளையும் ஒன்றாகத் தொடங்கிவிட்டார். முல்க் ராஜ் ஆனந்த். கல்லூரிப் பாடத்தில் பத்து மார்க் கேள்வியாக அவரைக் கடந்து வந்தவர்கள் இந்த அரங்கில் நிறையப் பேர் இருப்பீர்கள். அந்தக் கேள்வியில் வராத ஆனந்த் ஒருவர் உண்டு. அவரைப் பற்றித்தான் இன்று பேச நினைக்கிறேன். பாராட்டுரை என்று எதிர்பார்க்க வேண்டாம். அவரோடு எனக்கு ஒரு வழக்கு இருக்கிறது, போகப்போகச் சொல்கிறேன்.

1905 டிசம்பர் 12இல் பெஷாவரில் பிறந்தவர். குலத்தொழில் செம்பு, பித்தளைப் பாத்திரம் அடிப்பது. நம் பக்கத்தில் கன்னார் என்போமே, அந்த வேலை. அப்பா லால் சந்த் சுத்தியலை வைத்துவிட்டுப் பேனாவைப் பிடித்தார், பிரிட்டிஷ் ராணுவத்தில் குமாஸ்தாவானார். ஆகவே பையன் வளர்ந்தது கண்டோன்மென்ட்களில். ஒரு பக்கம் வெள்ளைக்காரச் சிப்பாய்களின் பாரக்ஸ், இன்னொரு பக்கம் அந்தப் பாரக்ஸின் கக்கூஸைக் கழுவும் குடும்பங்கள். தோட்டிகளின் பிள்ளைகளோடு சேர்ந்து விளையாடினான், அதற்காக வீட்டில் திட்டும் வாங்கினான். பிற்காலத்தில் கல்லையும் செம்பையும் பற்றி எழுதும்போதெல்லாம் உளி பிடித்த கையைத் தேடிப் போகும் வழக்கம் அவருக்கு உண்டு. அது புத்தகம் படித்து வந்தது என்று நான் நினைக்கவில்லை. அப்பா வைத்துவிட்டு வந்த சுத்தியல் பிள்ளைக்கு மறக்கவில்லை.

அமிர்தசரஸ் கால்சா கல்லூரியில் 1924இல் பட்டம் வாங்கினார். ஜாலியன்வாலா பாக் நடந்த ஊர் அது, மாணவர்கள் தடியடி படாமல் படித்து முடிக்க முடியாத காலம். குடும்பத்திலும் ஒரு சாவு நடந்தது. ஒரு முஸ்லிம் பெண்ணோடு உட்கார்ந்து சாப்பிட்டதற்காகச் சாதி விலக்குச் செய்யப்பட்ட அத்தை ஒருவர் தற்கொலை செய்துகொண்டார். தன் எழுத்தின் தொடக்கம் அந்தச் சாவுதான் என்று ஆனந்த் பிற்காலத்தில் சொல்லியிருக்கிறார். பிறகு லண்டன். யூனிவர்சிட்டி காலேஜில் தத்துவத்தில் 1929இல் டாக்டர் பட்டம். தத்துவம் படிக்கப் போனவர் முதலில் பார்த்தது 1926இன் பொது வேலைநிறுத்தத்தை. நிலக்கரித் தொழிலாளர்களின் பக்கம் சாய்ந்தவர் கடைசிவரை அந்தப் பக்கத்தை விடவில்லை. வர்ஜீனியா வுல்ஃபின் கணவர் லெனார்ட் நடத்திய ஹோகார்த் பதிப்பகத்தில் புரூஃப் பார்த்தார், எலியட்டின் பத்திரிகைக்குச் சிறு மதிப்புரைகள் எழுதினார். 1937இல் ஸ்பெயினுக்குப் போய்க் குடியரசின் பக்கம் நின்றார். போர்க்காலத்தில் பிபிசியில் ஜார்ஜ் ஆர்வெல் நடத்திய இந்தியப் பேச்சு நிகழ்ச்சிகளில் பங்கெடுத்தார். சஜ்ஜாத் ஜாஹீரோடு சேர்ந்து லண்டனில் ஒரு சீன ஹோட்டலில் முற்போக்கு எழுத்தாளர் சங்கத்துக்கு அடித்தளம் போட்டார். 1936இல் லக்னோவில் பிரேம்சந்த் தலைமையில் கூடிய மாநாட்டுக்கு விதை அங்கே விழுந்ததுதான். இந்த ஊரில் இன்று சங்கக் கூட்டம் போட்டு இலக்கியம் பேசுகிற வழக்கத்துக்கும் ஒரு கிளை அங்கிருந்து வருகிறது.

இனி ‘அன்டச்சபிள்’. 1935இல் வந்த நாவல். ஒரே ஒரு நாள் கதை. புலாஷா என்ற ஊர், பதினெட்டு வயது பாக்கா, தோட்டி வேலை. ஜாய்ஸ் டப்ளினில் ஒரு நாளை எழுதினாரே, அதைப் படித்துவிட்டு வந்த வடிவம்தான். ஆனால் அந்த வடிவத்துக்கு இங்கே வேறொரு வேலை கிடைத்தது. தீண்டாமையை ஒரு பெரிய கொடுமையாக, வருஷத்துக்கு ஒரு தடவை நடக்கும் அநியாயமாக எழுதியிருந்தால், படிப்பவர் உச்சுக்கொட்டிவிட்டுப் போயிருப்பார். ஒரு நாளைக்குள் அடைத்ததால் அது மணிக்கு மணி நடக்கிறது. காலையில் கக்கூஸ் கழுவுகிறான். தங்கை சோகினி கிணற்றடியில் குடத்தோடு காத்திருக்கிறாள். அவர்கள் கிணற்றில் கை வைக்கக்கூடாது, சாதிக்காரர் யாராவது மனம் வைத்து ஊற்ற வேண்டும். பாக்கா தெருவில் ஜிலேபி வாங்கித் தின்றுகொண்டே போகிறான், ஒருவர் மேல் பட்டுவிடுகிறான், கூட்டம் கூடுகிறது, அறை விழுகிறது. மாடியிலிருந்து ரொட்டியை வீசுகிறார்கள். சாயங்காலம் சரத் சிங் கொடுத்த ஹாக்கி மட்டையோடு விளையாடப் போகிறான். அங்கே அடிபட்ட ஒரு குழந்தையைத் தூக்கிக்கொண்டு போய் வீட்டில் விட்டால், தீட்டாக்கிவிட்டாயே என்று அந்தத் தாய் ஏசுகிறாள். அந்த ஹாக்கி மட்டை என்னை அதிகம் பாதிக்கிறது. பாக்கா அழுதுவடியும் பாத்திரம் இல்லை. நல்ல உடம்புக்காரன், வெள்ளைக்காரச் சிப்பாய் மாதிரி உடுத்த ஆசைப்படுகிறவன், விளையாட்டில் கெட்டிக்காரன். பரிதாபத்துக்கு முன்னால் ஆனந்த் அவனுக்கு ஆசைகளைக் கொடுத்திருக்கிறார்.

நடுவில் ஒரு கோயில் வருகிறது. உள்ளே என்னதான் இருக்கிறது என்று பார்க்கும் ஆவல் பாக்காவுக்கு. ஒவ்வொரு படியாக ஏறுகிறான், ஜன்னல் வழியாக எட்டிப் பார்க்கிறான். தீட்டு, தீட்டு என்று கூச்சல் எழுகிறது. கத்துகிற அந்தப் பூசாரிதான் சற்றுமுன் சோகினியிடம் தகாத முறையில் நடந்துகொண்டவன். அவள் சத்தம் போட்டதும், தன்னைத் தீட்டாக்கிவிட்டாள் என்று மாற்றிச் சொல்லிவிட்டான். படியில் நின்றாலே தீட்டாகிற சாதியில் பிறந்தவளைத் தொடும்போது மட்டும் அந்த மனிதனுக்குத் தீட்டு நினைவுக்கு வரவில்லை. இந்தக் காட்சியை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். இதை வைத்துத்தான் என் வழக்கு.

இந்தக் கைப்பிரதியை எடுத்துக்கொண்டு சபர்மதிக்குப் போய்க் காந்தியிடம் வாசித்ததாக ஆனந்த் சொல்வதுண்டு. காந்தி ஆசிரமத்தில் கக்கூஸ் கழுவச் சொன்னார், பக்கங்களைக் குறைக்கச் சொன்னார், நாவல் எதற்கு, நேராக ஒரு பிரசுரம் எழுதிவிடக் கூடாதா என்றும் கேட்டாராம். காந்தி கேட்கக்கூடிய கேள்விதான். பிரசுரம் எழுதாமல் நாவலிலேயே நின்றது ஆனந்தின் நல்ல முடிவு. ஆனால் நாவலை வாங்க ஆளில்லை. பத்தொன்பது பதிப்பாளர்கள் திருப்பி அனுப்பினார்கள். கக்கூஸ் நாற்றம் அடிக்கிற புத்தகத்தை எந்த வெள்ளைக்கார டிராயிங் ரூமில் வைப்பது? கடைசியில் இ. எம். ஃபார்ஸ்டர் முன்னுரை எழுதித்தருகிறார் என்றதும் விஷார்ட் பதிப்பகம் துணிந்தது.

நாவலின் முடிவில் பாக்காவுக்கு மூன்று வழிகள் காட்டப்படுகின்றன. மதம் மாறச் சொல்லும் பாதிரியார் ஒன்று. காந்தியின் பொதுக்கூட்டப் பேச்சு ஒன்று. பிறகு ஒரு கவிஞர் வந்து, மலத்தைத் தானாக அடித்துச் செல்லும் இயந்திரம் வந்துவிட்டால் மலம் அள்ளும் சாதியே இருக்காது என்கிறார். 1935இல் படித்தவர்களுக்கு அந்த மூன்றாவது வழி தெளிவான பாதையாகத் தெரிந்திருக்கும். நமக்கு அப்படித் தெரியாது. ஃபிளஷ் வந்தது. கூடவே செப்டிக் டேங்கும் பாதாளச் சாக்கடையும் வந்தன. அதற்குள் இறங்கியவர்களும் அதே வீட்டுப் பிள்ளைகள்தான். 1993இல் ஒரு சட்டம், 2013இல் இன்னொரு சட்டம், அதன் பிறகும் விஷவாயு தாக்கிச் சாகிறார்கள். திவ்யபாரதியின் ‘கக்கூஸ்’ ஆவணப்படத்தைப் பார்த்தவர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. சாதியைத் துடைக்கும் கருவியை எந்த எஞ்சினியரும் செய்து தந்துவிட மாட்டார் என்பதை ஆனந்த் அன்று யோசிக்கவில்லை. யோசிக்க வைக்கக்கூடிய ஒருவர் அதே காலத்தில் இருந்தார். மகாத் குளத்தில் அம்பேத்கர் தண்ணீர் எடுத்தது 1927இல். பூனா ஒப்பந்தம் 1932இல். நாவலில் அம்பேத்கர் இல்லவே இல்லை. இந்தக் குறையைத் தலித் விமர்சகர்கள் எடுத்துச் சொல்லியிருக்கிறார்கள், சரியாகவே சொல்லியிருக்கிறார்கள். அம்பேத்கரின் ‘சாதி ஒழிப்பு’ நூல் 1990இல் மறுபதிப்பாக வந்தபோது அதற்கு முன்னுரை எழுதியவர் ஆனந்த். எண்பத்தைந்து வயதை நெருங்கிக்கொண்டிருந்தார். தாமதம்தான், ஆனால் அந்த வயதிலும் அந்தப் பக்கம் போய்ச் சேர்ந்தாரே.

கிணற்றடியில் காத்திருந்த சோகினியைப் பற்றி இந்த மாவட்டத்தில் நின்று பேசும்போது அதை இலக்கியமாக மட்டும் பேச முடியாது. 2022 டிசம்பரில் வேங்கைவயலில், தலித் குடியிருப்புக்குத் தண்ணீர் கொடுத்த மேல்நிலைத் தொட்டியில் மலம் கலந்திருந்தது தெரியவந்தது. வழக்கு எந்தப் பாதையில் போனது, அதை யார் ஏற்றார்கள், யார் ஏற்கவில்லை என்பதெல்லாம் உங்களுக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். பாக்காவின் காலத்தில் தண்ணீரைத் தொடவிடவில்லை. குழாயும் தொட்டியும் வந்த காலத்தில் தண்ணீரிலேயே கலந்தார்கள்.

மற்ற நாவல்களை வேகமாகக் கடந்துபோகிறேன். ‘கூலி’, 1936. மலைநாட்டுப் பையன் முன்னு வீட்டு வேலை, ஊறுகாய்த் தொழிற்சாலை, பம்பாய்ப் பஞ்சாலை என்று அலைந்து, சிம்லாவில் ரிக்‌ஷா இழுத்துக் காசநோயில் சாகிறான். ஆனந்தின் நாவல்களில் எனக்கு மிகவும் பிடித்தது இதுதான், இதில் பிரசங்கம் குறைவு. ‘டூ லீவ்ஸ் அண்ட் எ பட்’, 1937. அஸ்ஸாம் தேயிலைத் தோட்டத்துக்கு ஆள் பிடித்துக் கூட்டிப்போகப்பட்ட கங்குவின் கதை. பி. எச். டேனியல் ஆங்கிலத்தில் எழுதிய ‘ரெட் டீ’, தமிழில் ‘எரியும் பனிக்காடு’, அதைப் படித்தவர்கள் இதையும் தேடிப் படியுங்கள். கண்டிச் சீமைக்குப் போன கதை இல்லாத குடும்பத்தை இந்த மாவட்டத்தில் தேடித்தான் கண்டுபிடிக்க வேண்டும். கங்காணி என்ற ஆள் எப்படிப் பேசுவான் என்று உங்கள் வீட்டுப் பாட்டிகள் சொல்லியிருப்பார்கள். அடுத்து, முதல் உலகப்போரில் பிரான்ஸ் பதுங்குகுழிகளில் சிக்கிய பஞ்சாபி விவசாயி லாலு சிங்கின் மூன்று நாவல்கள். அவற்றில் ‘அக்ராஸ் தி பிளாக் வாட்டர்ஸ்’ ஒன்றைப் படித்தால் போதும்.

இப்போது இன்னொரு ஆனந்த். நாவலாசிரியர் ஆவதற்கு முன்பே அவர் கலை விமர்சகர். முதல் நூலே 1930இல் வந்த பாரசீக ஓவியம் பற்றிய நூல். 1933இல் ‘தி ஹிந்து வியூ ஆஃப் ஆர்ட்’, அதற்கு எரிக் கில் என்ற ஆங்கிலச் சிற்பி முன்கட்டுரை எழுதினார். ஆனந்த குமாரசாமியின் நிழலில் நின்று எழுதிய நூல் அது. பக்கத்துக்குப் பக்கம் நிழல் தெரியும். யாழ்ப்பாணத் தமிழர் குமாரசாமி போட்ட பாதையில் பஞ்சாபிக்காரர் ஒருவர் லண்டனில் நடந்தார் என்பதில் நமக்கு ஒரு சின்னப் பெருமை, இருக்கட்டும்.

போர் முடிந்து பம்பாய்க்குத் திரும்பினார். 1946இல் ‘மார்க்’ இதழைத் தொடங்கினார். ஏறத்தாழ 35 ஆண்டுகள் அதன் ஆசிரியர். தொடங்கியபோது கூட இருந்தவர்களில் இலங்கைச் சகோதரிகள் இருவர் உண்டு. அனில் டி சில்வா, மினெட் டி சில்வா. அனில் இப்டா நாடக இயக்கத்தின் முதல் பொதுச் செயலாளர், மினெட் கட்டடக் கலைஞர். முதலீடு யார் தெரியுமா? டாட்டா. ஜே. ஆர். டி. டாட்டா விளம்பரங்கள் கொடுத்தார், உட்கார அறை கொடுத்தார். பஞ்சாலைக் கூலியின் சாவை எழுதியவர் முதலாளியின் விளம்பரத்தில் பத்திரிகை நடத்தினார். பெர்ஜர் புக்கர் மேடையில் செய்ததைச் சொன்னேன் அல்லவா, அதை இதன் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். நான் ஆனந்தைக் குறை சொல்லவில்லை. கலர் பிளாக் செய்து ஆர்ட் பேப்பரில் அச்சடிக்கும் பத்திரிகை கம்யூனிஸ்ட் சந்தாவில் ஓடாது. அந்தப் பணத்தில் அஜந்தாவும் கஜுராஹோவும் பஹாரி ஓவியமும் நாட்டியக் கலைகளும் ஒவ்வொரு இதழாக வந்தன. இந்தியக் கலை வரலாற்றுக்கு அது செய்த தொண்டு சாதாரணமானதல்ல.

என் வழக்கு இனிமேல்தான். கோயில் படியில் பாக்காவை நிறுத்தியவர், பத்திரிகை ஆசிரியரானதும் அதே கோயிலுக்குள் தாராளமாகப் போய் வந்தார். தூணைத் தடவிப் பார்த்தார், சிற்பத்தின் இடுப்பு வளைவைப் புகழ்ந்தார், ரசம் என்றார், பிரபஞ்ச ஆனந்தம் என்றார். அந்தப் பக்கங்களில் பாக்கா எட்டிப் பார்த்த ஜன்னலைத் தேடினால் பெரும்பாலும் அகப்படாது. 1958இல் ‘காம கலா’ என்ற பெரிய நூலை எழுதினார். கோயில் காமச் சிற்பங்களை ஆபாசம் என்று முகம் சுளித்த காலனிய ஒழுக்கத்துக்கு அது பதில். அந்த அளவில் தேவையான பதில்தான். ஆனால் கோயிலைச் சுற்றி உயிரோடு இருந்த பெண்களின் கதி? பூசாரிக்கு முன்னால் நின்ற சோகினியின் கதி? இந்த ஊரில் பிறந்து, மகாராஜா கல்லூரியில் ஆண்களுக்கு நடுவே தனியாகப் படித்து, டாக்டராகி, தேவதாசி ஒழிப்புக்காகச் சட்டசபையில் போராடியவர் முத்துலட்சுமி ரெட்டி. சட்டம் வந்தது 1947இல். ‘காம கலா’ வெளிவந்தபோது அம்மையார் உயிரோடுதான் இருந்தார், 1968 வரை வாழ்ந்தார். அந்தப் புத்தகம் அவர் கைக்குப் போயிருந்தால் என்ன சொல்லியிருப்பார் என்று நான் அடிக்கடி யோசிப்பதுண்டு. ஆசிரியருக்கு இதமான பதிலாக இருந்திருக்காது.

எதிர்த்தரப்பையும் சொல்லிவிட வேண்டும். ‘மார்க்’ கோயில்களோடு நின்றுவிடவில்லை. தொடங்கியதே நவீனக் கட்டடக் கலைஞர்களோடு சேர்ந்து. ஊரைத் திட்டமிடுவது, ஏழைக்கு வீடு கட்டுவது ஆகியவை முதல் இதழ்களிலிருந்தே இருந்தன. சண்டிகரைப் பற்றி ஒரு இதழ். 1965இல் பம்பாய்க்கு எதிர்க்கரையில் புது நகரம் எழுப்பும் திட்டத்தை சார்ல்ஸ் கொரியாவும் நண்பர்களும் முன்வைத்தது ‘மார்க்’ பக்கங்களில். இன்றைய நவி மும்பையின் கரு அது. கைவினைஞரை ‘நாட்டுப்புறம்’ என்று ஒதுக்காமல் சிற்பிக்குச் சமமாக வைத்துப் பேசினார்கள். ஆக ‘கூலி’யின் பம்பாய்ச் சேரியை மறந்துவிட்டார் என்று சொல்ல முடியாது. வருகிற வீட்டைப் பற்றி எழுதும்போது ஏழை வந்தான். பழைய கோயிலைப் பற்றி எழுதும்போது அவனை வெளியிலேயே விட்டுவிட்டார். நாவலாசிரியர் விமர்சகரின் அறைக்குள் சில நாள் வருகிறார், பல நாள் வரவில்லை.

இரண்டு பேரும் ஒன்றாக உள்ளே போனால் என்ன தெரியும் என்பதை இங்கிருந்து பதினைந்து கிலோமீட்டரில் இருக்கும் சித்தன்னவாசலில் சோதித்துப் பார்க்கலாம். அறிவர் கோயில் கூரையில் தாமரைக் குளம் இருக்கிறது. மீன், அன்னம், எருமை, யானை, நடுவே பூப்பறிக்கும் ஆண்கள். சமண சமவசரணத்தின் ஒரு பகுதி அது என்று ஆராய்ச்சியாளர்கள் விளக்குவார்கள். 1920இல் பிரெஞ்சு ஆராய்ச்சியாளர் ழுவோ துப்ரேய் இந்த ஓவியங்களை உலகத்துக்கு எடுத்துச் சொன்னார். சென்னை அருங்காட்சியகத்தின் ரசாயன நிபுணர் எஸ். பரமசிவன் சுண்ணாம்பையும் நிறங்களையும் பரிசோதித்து, எந்த முறையில் வரைந்திருக்கிறார்கள் என்று கண்டார். ‘மார்க்’ ஆனந்த் வந்திருந்தால் அந்தக் கோட்டின் நெளிவைப் பற்றி இரண்டு பக்கம் அருமையாக எழுதியிருப்பார். ‘அன்டச்சபிள்’ ஆனந்த் வந்திருந்தால் வேறு கேட்டிருப்பார். சேற்றில் இடுப்பளவு இறங்கிப் பூப்பறிப்பவர் யார்? அங்கே இருக்கும் கல்வெட்டு ஒன்பதாம் நூற்றாண்டில் பாண்டியன் ஸ்ரீவல்லபன் காலத்தில் மதுரை ஆசிரியர் இளங்கௌதமன் கோயிலைப் புதுப்பித்ததைச் சொல்கிறது. அரசன் பேர் இருக்கிறது, ஆசிரியர் பேர் இருக்கிறது. கூரையைப் பார்த்து அண்ணாந்தபடி, கழுத்து வலிக்க, கையை ஓட்டியவர் பேர் இல்லை. கோட்டின் நெளிவும் பேர் இல்லாததும் ஒரே கூரையில்தான் இருக்கின்றன. ஒன்றைப் பார்ப்பதற்காக மற்றொன்றை மறக்க வேண்டிய அவசியம் எனக்கு விளங்கவில்லை. குளத்தை ரசித்துக்கொண்டே அந்தக் கேள்வியையும் கேட்கலாம், ரசனை ஒன்றும் குறைந்துவிடாது.

பழைய சமஸ்தானத்துக்காரர்களான உங்களுக்காகவே எழுதியது போல ஆனந்தின் நாவல் ஒன்று இருக்கிறது. ‘பிரைவேட் லைஃப் ஆஃப் ஆன் இந்தியன் பிரின்ஸ்’, 1953. ஷாம்பூர் என்ற சின்ன மலைச் சமஸ்தானம். ராஜா பேர் அசோக் குமார், செல்லப் பேர் விக்டர். பட்டேல் இணையச் சொல்கிறார், ராஜா முரண்டு பிடிக்கிறார், கங்கா தாசி என்ற பெண்ணின் மோகத்தில் சிக்கி, நாடு போய், கடைசியில் புத்தியும் பேதலிக்கிறது. கதையைச் சொல்பவர் அவருடைய டாக்டர். மன்னராட்சியை வெறுத்த ஆனந்த், மன்னர் என்ற மனிதரை வெறுக்காமல் எழுதியிருக்கிறார். அவருடைய நாவல்களில் உளவியல் ஆழம் அதிகம் இதில்தான். புதுக்கோட்டையில் நடந்தது வேறு கதை. மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான் 1915இல் ஆஸ்திரேலியப் பெண் மோலி ஃபிங்கைக் கல்யாணம் செய்துகொண்டார், வெள்ளைக்கார அரசு அதை ஏற்கவில்லை, அவர் நாட்டைவிட்டே போனார், 1928இல் பாரிஸில் இறந்தார். அந்தப் பாதிக் கதையை எழுத ஆனந்தின் பேனா பொருத்தமானது. அடுத்து வந்த ராஜகோபாலத் தொண்டைமானோ 1948 மார்ச் 3இல் சமஸ்தானத்தைச் சச்சரவில்லாமல் கொடுத்துவிட்டார். அரண்மனையில் இன்று கலெக்டர் ஆபீஸ் நடக்கிறது, மனு கொடுக்க வரும் ஜனங்கள் வராண்டாவில் நிற்கிறார்கள். நாவலாசிரியருக்கு விக்டர்தான் தேவை. குடிமக்களுக்கு ராஜகோபாலரே மேல்.

இந்த மண்ணின் நாவலாசிரியரையும் ஒரு வார்த்தை சொல்லாமல் போக முடியாது. பெருங்களூரில் பிறந்த அகிலன் ஓவியன் ஒருவனையே நாயகனாக்கி ‘சித்திரப்பாவை’ எழுதினார். 1975க்கான ஞானபீடம் தமிழுக்கு முதன்முதலாக வந்தது அந்த நாவலால்தான். அண்ணாமலை என்ற அந்த ஓவியனுக்குக் கலை ஒரு புனிதமான லட்சியம். காசுக்கு மயங்கும் உலகம் அவனைச் சுற்றிச் சுழல்கிறது. ஆனந்த் வாழ்நாள் முழுக்க ஓவியர்களோடு பழகினார், ஓவியங்களைப் பற்றியே பாதி எழுதினார், ஆனால் நாம் பேசும் இந்தப் பேர்பெற்ற நாவல்களின் நாயகர்கள் யாரும் தூரிகை பிடிக்கவில்லை. அவர்கள் கையில் இருப்பது துடைப்பம், ரிக்‌ஷாவின் ஏர்க்கால், துப்பாக்கி. அகிலன் கலைஞனை உலகத்தின் அழுக்கிலிருந்து மேலே தூக்கினார். ஆனந்தோ கலையை ஒரு அலமாரியிலும் அழுக்கை இன்னொரு அலமாரியிலும் வைத்துக்கொண்டார். இரண்டையும் ஒரே நாவலுக்குள் கொண்டுவந்திருந்தால் எப்படி இருந்திருக்கும் என்ற ஆசை எனக்கு இன்னும் தீரவில்லை.

பிற்காலத்தில் அவருக்குப் பதவிகள் வந்தன. சண்டிகரில் பஞ்சாப் பல்கலைக்கழகத்தின் தாகூர் பேராசிரியர். 1965இலிருந்து 1970 வரை லலித் கலா அகாதெமியின் தலைவர். 1968இல் டெல்லியில் முதல் டிரையனாலே, உலக நாடுகளின் ஓவியங்களை இங்கே கொண்டுவந்த கண்காட்சி, அவர் முயற்சியில் நடந்தது. இளைய ஓவியர்களுக்கு அகாதெமியின் போக்கு பிடிக்கவில்லை. எழுபதுகளின் தொடக்கத்தில் சுவாமிநாதன் போன்றவர்கள் அதை எதிர்த்துக் கிளர்ந்தார்கள். அரசாங்கத்தை எதிர்த்து வளர்ந்தவர் அரசாங்க நாற்காலியில் உட்கார்ந்தால் நடப்பது நடந்தது. இதில் நான் ஓவியர்கள் பக்கம். சாகித்ய அகாதெமி விருது 1971இல் ‘மார்னிங் ஃபேஸ்’ என்ற தன்வரலாற்று நாவலுக்குக் கிடைத்தது. நீளமான நூல். விருதுக்காக மட்டும் அதைத் தொட வேண்டாம், முன்கூட்டியே எச்சரிக்கிறேன். 2004 செப்டம்பர் 28இல் புனேயில் இறந்தார். வயது 98.

இவரை முதல்முறை படிக்க நினைக்கிற மாணவர்கள் ‘அன்டச்சபிள்’ நாவலை எடுங்கள், கடைசி முப்பது பக்கத்துப் பிரசங்கத்தோடு சண்டை போட்டுக்கொண்டே படியுங்கள். பிறகு தகழியின் ‘தோட்டியின் மகன்’. அது ஆலப்புழையில் நடக்கும் கதை, ஆனந்துக்குப் பன்னிரண்டு ஆண்டு கழித்து 1947இல் மலையாளத்தில் வந்தது, சுந்தர ராமசாமி தமிழில் தந்திருக்கிறார். ஆனந்த் ஒரு நாளில் சொன்னதைத் தகழி மூன்று தலைமுறையாக நீட்டியிருக்கிறார். என்னைக் கேட்டால் தகழியின் நாவலே உயர்ந்தது, அதில் யாரும் வந்து வழி காட்டுவதில்லை. இரண்டையும் முடித்த பிறகு, ‘மார்க்’ பழைய இதழ்கள் ஏதாவது நூலகத்தில் கிடைத்தால் ஒன்றை மட்டும் விரித்து, படங்களை ஆசை தீரப் பாருங்கள். தலையங்கத்தைக் கடைசியில் வாசியுங்கள். நான் சொன்ன வழக்கில் நியாயம் இருக்கிறதா இல்லையா என்று நீங்களே தீர்ப்புச் சொல்லலாம். மாற்றுத் தீர்ப்பு வைத்திருப்பவர்கள் இப்போதே எழுந்து கேளுங்கள், நேரம் இருக்கிறது.